ஆறு மைல் ஓட்டமும் ஓர் அனுமதிச் சீட்டும்

1965 ஜூன் 27. கலிபோர்னியாவின் சான் டியாகோ நகரம், பால்போவா ஸ்டேடியம். அமெரிக்கத் தேசிய அமெச்சூர் தடகளப் போட்டியில் ஆறு மைல் ஓட்டம் கடைசிச் சுற்றுக்கு வந்திருக்கிறது. முன்னே இரண்டே பேர். ஒருவர் பில்லி மில்ஸ். தெற்கு டகோட்டாவின் பைன் ரிட்ஜ் ஒதுக்கிடத்தில் பிறந்த ஓக்லாலா லக்கோட்டா பழங்குடிக்காரர், கடற்படைக் காலாட்படை அதிகாரி. எட்டு மாதங்களுக்கு முன்புதான் டோக்கியோ ஒலிம்பிக்கில் 10,000 மீட்டர் தங்கத்தை யாரும் எதிர்பாராமல் தட்டிக்கொண்டு போனவர். இன்னொருவர் ஜெர்ரி லிண்ட்கிரன். 19 வயது, ஒல்லிக்குச்சி உடம்பு, வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் முதலாண்டை அப்போதுதான் முடித்திருந்தார்.

440 கஜச் சுற்றில் ஆறு மைல் என்றால் 24 சுற்று. ஒவ்வொன்றையும் சராசரியாக 68 விநாடியில் ஓடி வந்திருக்கிறார்கள். கடைசி நேர்ப்பாதையில் இருவரும் தோளோடு தோள். கோட்டருகே மில்ஸ் மார்பை முன்னே தள்ளுகிறார். தடகளத்தில் தலையோ கையோ முந்துவது செல்லாது. உடற்பகுதி கோட்டைத் தொடுவதுதான் கணக்கு. நடுவர்கள் மில்ஸுக்கே முதலிடம் கொடுத்தார்கள். ஆனால் கடிகாரம் இருவருக்கும் ஒரே நேரத்தைத்தான் காட்டியது: 27 நிமிடம் 11.6 விநாடி. கையால் அழுத்தும் ஸ்டாப் வாட்ச் பத்தில் ஒரு பங்கு விநாடிக்குக் கீழே பிரித்துச் சொல்லாது. அதனால் உலக சாதனை இருவர் பெயரிலும் பதிவாயிற்று. ஆஸ்திரேலியாவின் ரான் கிளார்க் வைத்திருந்த பழைய சாதனை சுமார் ஆறு விநாடி வித்தியாசத்தில் உடைந்தது.

இவ்வளவும் விளையாட்டுப் பக்கச் செய்தி. இதன் பின்னால் ஒரு சங்கதி உண்டு. லிண்ட்கிரன் அன்று அந்த மைதானத்தில் கால் வைத்திருக்கவே கூடாது. அவர் படித்த கல்லூரி எந்தச் சங்கத்துக்குக் கட்டுப்பட்டதோ, அந்தச் சங்கம் கல்லூரி மாணவர் யாரும் இந்தப் போட்டிக்குப் போகக் கூடாது என்று சொல்லியிருந்தது. மீறினால் ஓடியவருக்கும் கல்லூரிக்கும் தண்டனை வரலாம். பல நல்ல வீரர்கள் வீட்டிலேயே இருந்துவிட்டார்கள். லிண்ட்கிரன் வந்தார்.

ஏன் இந்தத் தடை என்று புரிந்துகொள்ள, 'அமெச்சூர்' என்ற சொல்லுக்குப் பின்னால் கொஞ்சம் போக வேண்டும்.

விளையாட்டை வயிற்றுப் பிழைப்பாக வைத்துக்கொள்ளாதவர் என்பதுதான் அதற்கு நேர்ப்பொருள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இங்கிலாந்தில் 1866இல் தொடங்கிய அமெச்சூர் அத்லெட்டிக் கிளப் வகுத்த வரையறை, கைவினைஞர், மெக்கானிக், கூலித் தொழிலாளி ஆகியோரையும் அமெச்சூர் இல்லை என்று ஒதுக்கியது. அவர்கள் ஓடிக் காசு வாங்கினார்களா என்ற கேள்வியே எழவில்லை. உடலுழைப்பால் பிழைக்கிறவர் கனவான்களோடு ஓடக் கூடாது, அவ்வளவுதான். 1880இல் புதிய சங்கம் அமைந்தபோது அந்த வாசகம் போனது. காசைத் தொட்டால் தீட்டு என்ற எண்ணம் மட்டும் போகவில்லை.

அமெரிக்காவில் 1888இல் பிறந்த அமெச்சூர் அத்லெட்டிக் யூனியன், சுருக்கமாக ஏஏயூ, அந்த எண்ணத்தை ஓர் அலுவலக நடைமுறையாக மாற்றியது. ஓட வேண்டுமா, ஏஏயூ பதிவு அட்டை வேண்டும். ஓர் ஊரில் போட்டி நடத்த வேண்டுமா, ஏஏயூ அனுமதி வேண்டும். அனுமதி இல்லாத போட்டியில் ஓடினால் அட்டை போய்விடும். வெளிநாட்டில் ஓட ஏஏயூ எழுத்தில் ஒப்புதல் தர வேண்டும். பயணப்படிக்கும் பேட்டாவுக்கும் உச்சவரம்பு உண்டு. அதற்கு மேல் ஒரு டாலர் வாங்கினாலும் அமெச்சூர் பட்டம் பறிபோகலாம். உலகத் தடகளச் சங்கத்தில் அமெரிக்காவின் உறுப்பினர் ஏஏயூ என்பதால், அதன் அட்டை இல்லாதவருக்கு ஒலிம்பிக் வாசலும் மூடிக்கொள்ளும். இந்த ஒரு கயிறு கையில் இருந்தது போதும், மற்ற எல்லாவற்றையும் ஆட்டிவைக்க.

ஆட்டியும் வைத்தார்கள். 1936 பெர்லினில் நான்கு தங்கம் வென்ற ஜெஸ்ஸி ஓவன்ஸை, ஒலிம்பிக் முடிந்த கையோடு ஐரோப்பாவில் ஊர் ஊராகக் காட்சி ஓட்டங்களுக்கு அனுப்பினார்கள். வசூல் சங்கங்களுக்கு. ஓவன்ஸ் களைத்துப் போய், சுவீடனுக்கு வர மாட்டேன் என்று வீடு திரும்பினார். ஏஏயூ அவரை இடைநீக்கம் செய்தது. அவருடைய அமெச்சூர் ஓட்டம் அத்தோடு முடிந்தது.

கான்சாஸ் மாநிலத்து மைல் ஓட்டக்காரர் வெஸ் சாண்டியின் கதை இன்னும் கசப்பானது. நான்கு நிமிடத்துக்குள் மைல் ஓடும் முதல் மனிதர் யார் என்று உலகமே பார்த்திருந்த காலத்தில், இங்கிலாந்தின் பானிஸ்டர், ஆஸ்திரேலியாவின் லாண்டி ஆகியோரோடு மூன்றாவதாகச் சொல்லப்பட்ட பெயர் சாண்டி. 1955 ஏப்ரலில் 4 நிமிடம் 0.5 விநாடி வரை வந்துவிட்டார். போட்டி நடத்துபவர்கள் அவர் பெயரைப் போட்டு டிக்கெட் விற்றார்கள்; வரம்புக்கு மேல் செலவுப் பணமும் கொடுத்தார்கள். கொடுத்தவர்கள் பலரும் இதே அமெச்சூர் அமைப்போடு தொடர்புள்ளவர்கள்தான். ஆனால் தண்டனை வாங்கியவருக்கு: 1956இல் வாழ்நாள் தடை. நீதிமன்றம் போயும் ஜெயிக்கவில்லை. அந்த அரை விநாடி கடைசிவரை அரை விநாடியாகவே நின்றுவிட்டது.

எனக்கு இவற்றில் மறக்க முடியாதது லீ கல்ஹூனின் கல்யாணம். 1956 மெல்பர்ன் ஒலிம்பிக்கில் 110 மீட்டர் தடை ஓட்டத்தில் தங்கம் வென்றவர். ஜோடிகளை அழைத்து மேடையிலேயே திருமணம் நடத்தி, சீர்வரிசை கொடுத்து அனுப்பும் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்றில் அவரும் மணமுடித்தார். ஒலிம்பிக் வீரர் என்ற பேர் இருந்ததால்தானே சீர் கிடைத்தது, ஆகவே அது விளையாட்டால் வந்த ஆதாயம் என்று ஏஏயூ கணக்குப் போட்டது. 1958 முழுவதும் அவர் ஓட முடியவில்லை. நம்மூரில் கல்யாண மொய் நோட்டை வைத்துக்கொண்டு யாராவது ஒரு ஓட்டக்காரரை இப்படி விசாரித்தால் ஊரே சிரிக்கும். கல்ஹூன் திரும்பி வந்தார். 1960 ரோமிலும் அதே ஓட்டத்தில் தங்கம் வென்றார்.

இவ்வளவு சொன்ன பிறகு ஏஏயூவை வெறும் வில்லனாக நிறுத்திவிட்டுப் போவது சுலபம். அப்படிச் செய்தால் பாதிக் கதை விட்டுப்போகும். அந்தச் சங்கம் ஆண்டுதோறும் நடத்திய தேசியப் போட்டியின் வாசல் மிகவும் அகலமானது. கல்லூரி சாம்பியன்ஷிப்பில் கல்லூரி மாணவர் மட்டுமே ஓடலாம். ஏஏயூ போட்டியில் பட்டாளத்துக்காரர் ஓடலாம், வேலைக்குப் போகிறவர் ஓடலாம், பள்ளிக்கூடப் பையன் ஓடலாம், வெளிநாட்டுக்காரர் வந்து பட்டத்தையும் வென்று போகலாம். படிப்பு முடிந்த தடகள வீரருக்கு அமெரிக்காவில் அதைவிட்டால் பெரிய மேடை கிடையாது.

பெண்களுக்கோ அதுதான் ஒரே மேடை. கல்லூரிச் சங்கம் பெண்களுக்குத் தேசியத் தடகளப் போட்டி நடத்தத் தொடங்கியது 1980களில். ஏஏயூ 1923லேயே தொடங்கிவிட்டது. அலபாமாவின் டஸ்கீகி கல்வி நிலையத்துக் கறுப்பினப் பெண்கள் 1937 முதல் அணிப் பட்டத்தை ஆண்டுக்கணக்கில் அள்ளினார்கள். அவர்களில் ஒருவரான ஆலிஸ் கோச்மன் 1939 முதல் 1948 வரை உயரம் தாண்டுதலில் தொடர்ந்து பத்துத் தேசியப் பட்டங்கள் வென்றார். நடுவில் போர் வந்து 1940, 1944 ஒலிம்பிக்குகள் இல்லாமல் போயின. அவர் உச்சத்தில் இருந்த ஆண்டுகளில் தேசியப் போட்டிதான் அவருக்கு ஒலிம்பிக். 1948இல் லண்டனில் ஒருவழியாக வாய்ப்புக் கிடைத்தபோது தங்கம் வென்றார். ஒலிம்பிக் தங்கம் வென்ற முதல் கறுப்பினப் பெண் அவர்தான். 1960இல் டெக்சஸின் கார்பஸ் கிறிஸ்டியில் நடந்த ஏஏயூ பெண்கள் போட்டியில் வில்மா ருடால்ஃப் 200 மீட்டரை 22.9 விநாடியில் ஓடி உலக சாதனை படைத்தார். ரோமில் மூன்று தங்கம் வென்று உலகப் புகழ் பெற்றது அதற்குப் பிறகு.

அப்படியானால் 1965இல் சண்டை எங்கே வந்தது?

கல்லூரிகளின் சங்கம் என்சிஏஏ. ஆணி அடித்ததுபோல அதன் கையில் மூன்று இருந்தன: மைதானம், பயிற்சியாளர், ஸ்காலர்ஷிப். ஓட்டக்காரனைத் தேடிப் பிடிப்பதும் நான்கு வருடம் சோறு போட்டு வளர்ப்பதும் நாங்கள், அவன் பழுத்ததும் தேசிய அணிச் சட்டையை மாட்டி வெளிநாடு கூட்டிப் போவது அவர்களா என்பது கல்லூரிக்காரர்களின் ஆதங்கம். நியாயமான ஆதங்கம்தான். 1958இல் மாஸ்கோவில் தொடங்கிய அமெரிக்க–சோவியத் தடகள மோதல் அதற்கு எண்ணெய் ஊற்றியது. 1962 ஜூலையில் ஸ்டான்ஃபோர்டில் நடந்த மோதலைக் காண இரண்டு நாளில் ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் வந்தார்கள். தடகளத்துக்கு அவ்வளவு கூட்டம் என்றால் இன்று நம்புவது கஷ்டம். பனிப்போர் காலம், ரஷ்யரை நம் பையன் முந்துகிறானா என்று பார்க்க வந்த கூட்டம் அது. அந்த அணியைத் தேர்ந்தெடுக்கும் அதிகாரம் யாரிடமோ, பெருமையும் வசூலும் அவர்களிடம்.

1962இல் என்சிஏஏ தன் ஆதரவில் ஏஏயூவுக்குப் போட்டியாக ஒரு சங்கத்தை உருவாக்கியது. ஒரு விளையாட்டு, இரண்டு சங்கம். இந்தக் கதை நமக்குப் புதிதல்ல. இரண்டு லெட்டர்ஹெட், இரண்டு தலைவர், நடுவில் ஸ்பைக்ஸ் மாட்டிக்கொண்டு நிற்கும் பையன். இனி எந்தத் திறந்த போட்டி நடந்தாலும் புதிய சங்கத்தின் அனுமதியும் வாங்கினால்தான் கல்லூரி மாணவர்கள் வருவார்கள் என்றது என்சிஏஏ. உலகச் சங்கம் ஏற்றுக்கொண்டது எங்களை மட்டும்தான், நாங்கள் எவரிடமும் கைகட்டி அனுமதி கேட்க வேண்டியதில்லை என்றது ஏஏயூ.

டோக்கியோ ஒலிம்பிக்குக்கு ஆள் சேராமல் போய்விடுமோ என்ற பயம் வெள்ளை மாளிகை வரை போனது. அதிபர் கென்னடி சமரசம் பேச அனுப்பியது ஜெனரல் டக்ளஸ் மக்ஆர்தரை. ஜப்பானின் சரணடைவை முன்னின்று வாங்கியவருக்குக் கடைசிக் காலத்தில் கிடைத்த வேலை, இரண்டு ஓட்டப்பந்தயச் சங்கங்களைச் சேர்த்து உட்காரவைப்பது. 1963 தொடக்கத்தில் ஒரு தற்காலிக உடன்பாடு வந்தது. அது டோக்கியோ வரைக்கும்தான் தாங்கியது. டோக்கியோவில் மில்ஸும் 5,000 மீட்டரில் பாப் ஷூலும் தங்கம் வென்றார்கள். ஊர் திரும்பியதும் சண்டை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது.

1965 சான் டியாகோ போட்டிக்கு ஏஏயூ எதிர்ச்சங்கத்தின் அனுமதியைக் கேட்கவில்லை. என்சிஏஏ மாணவர்களைத் தடுத்தது. அன்று ஓட்டப்பாதையில் யார் நிற்கலாம் என்று முடிவு செய்தது ஒரு கையெழுத்து இல்லாத காகிதம். அமெச்சூர் தூய்மை, காசு, பேட்டா எதுவும் இந்தச் சண்டையில் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். லிண்ட்கிரன் யாரிடமும் பணம் வாங்கியதாகக் குற்றச்சாட்டே கிடையாது. இன்னும் ஒரு வேடிக்கை: அன்றைய விதிப்படி முதலாண்டு மாணவருக்கு என்சிஏஏ சாம்பியன்ஷிப்பில் இடம் இல்லை. தன் போட்டியில் ஓடவிடாத பையனை, அடுத்த வீட்டுப் போட்டியிலும் ஓடாதே என்று சொன்னது அந்தச் சங்கம்.

லிண்ட்கிரன் அப்போதே சாதாரணப் பையன் இல்லை. முந்தைய ஆண்டு ஜூலையில், 18 வயதில், லாஸ் ஏஞ்சலிஸ் மைதானத்தில் சோவியத் ஓட்டக்காரர்களை 10,000 மீட்டரில் தனியாக விட்டுவிட்டு ஓடி நாட்டுக்கே செல்லப்பிள்ளை ஆனவர். டோக்கியோவில் கணுக்கால் சுளுக்கி ஒன்பதாவதாக வந்தார். தங்கம் மில்ஸுக்குப் போனது. சுளுக்கு இல்லாத காலோடு மில்ஸோடு ஓடிப் பார்க்க அவருக்குக் கிடைத்த இடம் சான் டியாகோ. தடையை மீறி அவர் வந்ததற்கு இதைவிடப் பெரிய காரணம் தேட வேண்டியதில்லை என்று நினைக்கிறேன்.

அதே நாள், அதே மைதானத்தில் மைல் ஓட்டமும் நடந்தது. 800, 1,500 மீட்டர்களில் மொத்தம் மூன்று ஒலிம்பிக் தங்கம் வைத்திருந்த நியூசிலாந்தின் பீட்டர் ஸ்னெல் வந்திருந்தார். அவரோடு ஓடியவர் ஜிம் ரையன். கான்சாஸின் விச்சிட்டா நகரத்துப் பையன், 18 வயது, பள்ளிப் படிப்பை அப்போதுதான் முடித்தவர். இன்னும் எந்தக் கல்லூரியிலும் சேராததால் என்சிஏஏ தடை அவர் மேல் பாயவில்லை. ரையன் 3 நிமிடம் 55.3 விநாடி. ஸ்னெல் 55.4. மூன்றாவதாக வந்த ஜிம் கிரெல் 55.5. மூன்று பேரையும் ஒரு போர்வைக்குள் சுருட்டிவிடலாம். ரையனின் அந்த நேரம் அமெரிக்கப் பள்ளி மாணவர் சாதனையாக 2001 வரை, 36 ஆண்டுகள் நின்றது. சில மாதம் கழித்து நடந்திருந்தால் ரையனும் கல்லூரி மாணவர். அவருக்கும் 'போகாதே' என்ற கடிதம் வந்திருக்கும். அந்த மைல் ஓட்டம் நடந்ததே காலண்டரின் தயவு.

ஒரு மாதம் கழித்து கீவ் நகரில் சோவியத் அணியோடு மோதல். கல்லூரி வீரர்கள் பலர் இல்லாமல் போன அமெரிக்க ஆண்கள் அணி 118–112 என்று தோற்றது. 1958இல் தொடர் தொடங்கியதிலிருந்து ஆண்கள் பிரிவில் அமெரிக்கா தோற்றது அதுவே முதல்முறை. அதற்குப் பிறகுதான் அரசியல்வாதிகளுக்கு வலித்தது. ஆகஸ்டில் செனட்டின் வணிகக் குழு இரு தரப்பையும் கூப்பிட்டு விசாரித்தது. குழுவின் தலைவர் வாரன் மக்னசன், லிண்ட்கிரனின் வாஷிங்டன் மாநிலத்தைச் சேர்ந்தவர். பிறகு நடுவர் குழு ஒன்று அமைந்தது. வேலைநிறுத்தங்களைத் தீர்த்துவைப்பதில் பேர்பெற்ற தியடோர் கீல் அதன் தலைவர். தொழிற்சங்கங்களையும் முதலாளிகளையும் சேர்த்துவைத்த அந்த மனிதருக்கும் இவர்கள் மசியவில்லை. 1968இல் வந்த தீர்ப்பை என்சிஏஏ ஏற்க மறுத்தது.

1970களிலும் வெளிநாடு போகும் ஓட்டக்காரருக்கு ஏஏயூ கொடுத்த தினப்படி மூன்று டாலர். நெடுந்தூர ஓட்டக்காரர் ஸ்டீவ் ப்ரீஃபான்டெய்ன் போன்றவர்கள் அதை வெளிப்படையாகவே திட்டினார்கள். 1978இல் அதிபர் கார்ட்டர் கையெழுத்திட்ட அமெச்சூர் விளையாட்டுச் சட்டம்தான் கடைசியில் முடிச்சை அறுத்தது: ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனி அமைப்பு, ஒரே சங்கம் பல விளையாட்டுகளைக் கைக்குள் வைத்திருக்க முடியாது, வீரருக்கும் நிர்வாகத்தில் குரல் உண்டு. தடகளம் ஏஏயூவின் கையை விட்டுப் போனது. என்சிஏஏவுக்கும் போகவில்லை. தேசியப் போட்டி இன்றும் வேறு பெயரில் நடக்கிறது. ஓடுகிறவர்கள் வெளிப்படையாகவே சம்பளம் வாங்குகிறார்கள்.

லிண்ட்கிரன் 1966 முதல் 1969 வரை என்சிஏஏ பட்டங்களை மட்டும் 11 வென்றார். தன்னைத் தடுத்த சங்கத்தின் சரித்திரப் பக்கங்களில் அவர் பெயர் இன்றும் கொட்டை எழுத்தில் இருக்கிறது. சான் டியாகோ சாதனைக்கு ஆயுள் 17 நாள். ஜூலை 14இல் ஆஸ்லோவில் ரான் கிளார்க் 10,000 மீட்டரை 27 நிமிடம் 39.4 விநாடியில் ஓடினார். போகிற வழியிலேயே ஆறு மைலை 26 நிமிடம் 47 விநாடியில் தாண்டிவிட்டார். 1976இல் மைலைத் தவிர மற்ற கஜ, மைல் தூரங்களைச் சாதனைப் பட்டியலிலிருந்தே உலகச் சங்கம் எடுத்துவிட்டது. இன்று யாரும் ஆறு மைல் ஓடிச் சாதனை கேட்பதில்லை.